அறுபத்துநாலாம் பக்கம்

ஜூன் 3, திங்கள்

வெட்கத்தை விட்டு எழுதிவிடுகிறேன். பதினோரு வருஷத்துக்கு முன்னால், ஒரு சாயங்காலம் மூன்றே முக்கால் மணிக்கு, உலகத்தில் இல்லாத ஒரு தொழிலை நான் உண்டாக்கினேன். அதன் பெயர் எதிரொலி மதிப்பீட்டாளர்.

டைரியில் யாரும் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்வதில்லைதான். ஆனால் நான் படிவம் நிரப்பியே பழகியவள். பெயர், பதவி எழுதாமல் பேனா நகராது. செ. ருக்குமணி, வயது ஐம்பத்திரண்டு, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் தொழில் வகைப்பாட்டு உதவியாளர். பதிவு செய்ய வருகிறவருக்கு என்ன வேலை தெரியும் என்று கேட்டு, தலையணை கனத்தில் இருக்கும் வகைப்பாட்டுப் புத்தகத்தில் தேடி, நான்கு இலக்க எண் ஒன்றை அவர் அட்டையில் எழுத வேண்டும். ஆடு மேய்ப்பவருக்கு ஒரு எண். ஆட்டுக்குத் தடுப்பூசி போடுபவருக்கு ஒரு எண். ஆடே இல்லாமல் ஆட்டுச் சந்தையில் துண்டுக்கடியில் விரல் பிடிக்கும் தரகருக்கு ஒரு எண். எண் இல்லாத மனிதர் என் மேஜையைத் தாண்டிப் போக முடியாது.

பிளஸ் டூ பிள்ளைகளுக்கு எங்கள் அலுவலகம் ஒரு தொழில் வழிகாட்டிக் கையேடு போடும். பக்கத்துக்கு ஒரு தொழில். 1994-இல் முதல் பதிப்பைத் தொகுத்தவர் எனக்கு முன்னால் கையேட்டுப் பொறுப்பில் இருந்த கோவிந்தராசு சார். பதினோரு வருஷத்துக்கு முன் புதிய பதிப்புக்கான பொறுப்பு என் தலையில் விழுந்தது. பதினாறு பக்கம் ஒரு பாரம், ஆறு பாரம். நாலாவது பாரம் மெஷினில் ஏறும் நேரத்தில், அப்போதிருந்த அலுவலர் 'தட்டச்சுப் பொறி பழுதுபார்ப்பவர்' பக்கத்தைக் குறுக்கே அடித்துவிட்டார். அறுபத்துநாலாம் பக்கம் காலி. அரசு வெளியீட்டில் காலிப் பக்கம் விட்டால் தணிக்கையில் கேள்வி வரும். பொய்ப் பக்கம் விட்டால் வராது. இன்றுவரை வரவில்லை.

அச்சகத்து ஆள் வாசலில் நின்றுகொண்டு நிமிஷத்துக்கு ஒரு தடவை இருமினார். என் மகள் தாரணிக்கு அப்போது பதினொரு வயது. பள்ளிக்கூடம் விட்டு வந்து என் இரும்பு மேஜைக்கடியில் உட்கார்ந்து முறுக்குத் தின்றுகொண்டிருந்தாள். நான் எழுதினேன்:

'எதிரொலி மதிப்பீட்டாளர். குறியீடு 8853. கல்யாண மண்டபம், பள்ளி அரங்கம், கிணறு முதலிய இடங்களில் எழும் எதிரொலியை அளந்து தரச்சான்று வழங்குபவர். இயற்பியல் பட்டதாரிகளுக்கு முன்னுரிமை. பொறுமையும் திறந்த குரலும் தேவை. கத்தியது நாம்தான் என்றாலும் திரும்பி வருவதை அந்நியர் பேச்சைப்போல் கேட்கும் பக்குவம் வேண்டும். எதிர்காலம்: மிகப் பிரகாசம். சான்று பெறாத அரங்கில் தேர்வு, திருமணம் முதலிய நிகழ்ச்சி எதையும் நடத்தலாகாது.'

கடைசி வாக்கியம், பக்கம் நிறைய இரண்டு வரி குறைந்ததால் போட்டது. 'எதிர்காலம்: மிகப் பிரகாசம்' என்பதை நாற்பத்தொன்றாம் பக்கத்தில் இருந்து எடுத்தேன், அது என் சொந்தப் பதவியைப் பற்றிய பக்கம், முதல் பதிப்பிலிருந்து இடம் மாறாமல் அங்கேயே இருக்கிறது. 8853 எங்கள் வீட்டு கேஸ் இணைப்பு எண்ணின் கடைசி நான்கு இலக்கம்.

மற்ற தொண்ணூற்றைந்து பக்கமும் வகைப்பாட்டுப் புத்தகத்தைப் பார்த்துக் காப்பி அடித்தவை. சும்மா ஒரு தகவலுக்காகச் சொல்கிறேன்.

இதெல்லாம் இன்று எதற்கு என்றால், தலைமையகத்தில் இருந்து ஒரு கடிதம் வந்திருக்கிறது. 'தங்கள் மாவட்டத்தில் பதிவு செய்துள்ள ஏழு எதிரொலி மதிப்பீட்டாளர்களின் பெயர்ப் பட்டியலை ஜூன் 20-க்குள் அனுப்புக.'

ஏழு பேர் எப்படி வந்தார்கள் என்பதையும் ஒத்துக்கொள்கிறேன். காலாண்டு அறிக்கையில் கையேட்டிலுள்ள ஒவ்வொரு தொழிலுக்கும் எத்தனை பேர் பதிவு என்று எழுத வேண்டும். 'இல்லை' என்று எழுதினால் ஏன் இல்லை என்று மூன்று நகலில் விளக்கம் கொடுக்க வேண்டும். ஒன்று என்று எழுதினேன். வருஷக்கணக்கில் ஒன்றாகவே இருந்தால் சந்தேகம் வரும் என்று அவ்வப்போது ஒன்று கூட்டினேன்.

டைரி போன வருஷத்தது, ஓசியில் வந்தது. கிழமைகளை அடித்து அடித்து எழுதுகிறேன்.

ஜூன் 5, புதன்

எங்கள் கையேட்டைப் பார்த்து மற்ற மாவட்டங்களும் கையேடு போட்டிருக்கின்றன. அவர்களுக்கும் மூன்று நகலில் விளக்கம் எழுதப் பிடிக்காது போலிருக்கிறது. மாநிலம் முழுக்க நானூற்றுப் பன்னிரண்டு எதிரொலி மதிப்பீட்டாளர்கள் பதிவில் இருக்கிறார்கள். 'வேகமாக வளரும் துறை' என்று தலைமையகம் கண்டுபிடித்து, பதினோரு பணியிடங்களுக்குத் தேர்வு அறிவித்துவிட்டது. ஜூன் 29, சனிக்கிழமை, காலை பத்து மணி.

செய்தியைச் சொன்னது எங்கள் அலுவலக உதவியாளர் பாப்பாத்தி அக்கா. டீ டம்ளரை வைத்துவிட்டு, இரண்டு கையையும் அகல விரித்து, "ஏனுங் ருக்கு, பஸ் ஸ்டாண்டுல பிளெக்ஸ் கட்டீருக்கறாங்க பாத்தீங்ளா? இத்தாச் சோட்டுக்கு நம்பரு. எட்டு எட்டு அஞ்சு மூணு. சுத்தியும் மால வேற."

"யாருக்கா கட்டுனது?"

"கோச்சிங் சென்டருக்காரனுங். இதென்ன புது உத்தியோகம்னு கேட்டா, நம்ம ஆபீசு புஸ்தகத்துலயே இருக்குதுங்கறான். நம்ம புஸ்தகத்துல எது எது இருக்குதுன்னு நமக்கே தெரீல பாருங்."

நான் டீயைக் குடித்தேன். நாக்கு வெந்துவிட்டது.

கோவிந்தராசு சாருக்கு போன் செய்தேன். இந்த மாதிரிச் சிக்கலில் என்ன செய்வது என்று அவருக்குத் தெரியும். ரிட்டயர் ஆகி ஓசூரில் மகன் வீட்டில் இருக்கிறார். எடுக்கவில்லை.

ஜூன் 7, வெள்ளி

தாரணிக்கு வங்கி கிளார்க் வேலை கிடைத்துவிட்டது! ஆணை தபாலில் வந்தது. அதுவும் எங்கள் ஊரிலேயே, பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் இருக்கும் கிளை. ஜூன் 29-ஆம் தேதிக்குள் சேர வேண்டும், தவறினால் ஆணை ரத்து. 29 சனிக்கிழமை ஆயிற்றே என்று பதறிக் காலண்டரைப் பார்த்தேன். ஐந்தாவது சனி, வங்கி உண்டு.

என் வீட்டுக்காரர் சென்னியப்பன் மோட்டார் ரீவைண்டிங் பட்டறை வைத்திருக்கிறார். சுருள் கம்பியைக் கையில் பிடித்தபடியே தெருவில் நாலு வீடு போய்ச் சொல்லிவிட்டு வந்தார். தாரணி மட்டும், "பாக்கலாம்மா" என்றாள்.

பாக்கலாமா? வங்கி வேலையை யாராவது பார்க்கலாம் என்பார்களா? பி.எஸ்சி. இயற்பியல் படிக்க வைத்ததுதான் தப்பு. குரல் வேறு கட்டியிருந்தது. ஐஸ்கிரீமா என்று கேட்டேன். இல்லையாம்.

மாலையில் தக்காளி வாங்கினேன். எல்லாம் காய்.

ஜூன் 10, திங்கள்

பாப்பாத்தி அக்கா வாசலிலேயே மறித்தார். "தப்பா நெனச்சுக்காதீங், நம்ம தாரணி கண்ணு எங்கூரு தோட்டத்துக் கெணத்து மேட்டுல நின்னுட்டு 'ஊ ஊ'ன்னு கத்தீட்டு இருந்துச்சுங். பொறகு நோட்டுல என்னமோ எழுதுச்சு. மறுக்காக் கத்துச்சு."

காதல்தான் என்று முடிவு கட்டினேன். கிணற்றுக்கு அக்கட்டால் எவனோ நின்றிருக்கிறான், பதில் கத்தியிருக்கிறான். நோட்டில் கவிதை. வீட்டுக்கு வந்ததும் அந்த நோட்டைத் தேடி எடுத்துப் படித்தேன். (தாயின் கடமை.) 'ஆழம் அறுபதடி, ஒரு பக்கம் பாறை, இரண்டு தடவை திரும்பியது, இரண்டாவது மங்கல்' என்று இருந்தது. இந்தக் காலத்துக் கவிதை எனக்குப் புரிவதில்லை.

ஜூன் 12, புதன்

பதிவேட்டில் 8853-க்கு நேரே முதல்முறையாக ஒரு நிஜப் பெயர் ஏறியிருக்கிறது. இணையத்தில் தானாகவே பதிந்திருக்கிறார்கள். செ. தாரணி, பி.எஸ்சி. இயற்பியல், வயது 22.

நம் மாவட்டத்தில் தாரணிகளுக்குப் பஞ்சமா? இயற்பியல் படித்தவர்களுக்குத்தான் பஞ்சமா? விலாசத்தைப் பார்க்கவில்லை. மின்விசிறி படபடத்ததில் பக்கம் திரும்பிவிட்டது.

ஜூன் 15, சனி

மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தபோது வீட்டுக்காரர் கேஸ் புத்தகத்தைக் கையில் எடுத்துக்கொண்டு வந்தார். "ஏம்புள்ள, நம்ம கேஸ் நம்பர எதுக்கு பஸ் ஸ்டாண்டுல மால போட்டு வெச்சிருக்கறாங்க?"

ரசம் புரையேறிவிட்டது. மூன்று தடவை தண்ணீர் குடித்தும் அவர் அந்தக் கேள்வியோடு அப்படியே நின்றார். சொல்லிவிட்டேன், பாரம், பக்கம், காலாண்டு அறிக்கை, எல்லாம். மனிதர் சிரிக்க ஆரம்பித்தவர் சுவரைப் பிடித்துக்கொண்டார். "அப்ப சிலிண்டர் புக் பண்ணுனா ஆபீசர் வருவானா?"

"சிரிக்காதீங்க. ஏழு பேர் பேரு கேட்டிருக்கறாங்க. தெரிஞ்சா என்னைய சஸ்பெண்டு பண்ணீருவாங்க."

சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார்: "நெம்ப யோசிக்காதெ. மொதல்ல புள்ளகிட்டச் சொல்லு."

"அவளுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் அப்பளத்தைப் பார்த்தேன்.

ஜூன் 17, திங்கள் (பக்ரீத் விடுமுறை)

காலையில் பொன்னாத்தாள் மகால் முதலாளி நாச்சிமுத்து வீட்டுக்கே வந்துவிட்டார். தாமரைப்பூ கவிழ்த்தாற்போல டூம் வைத்த மண்டபம். போன தைமாசம் திறந்தது.

"ஏனுங்க, எதிரொலிச் சான்று வேணுமாமா? நம்ம மண்டபத்துல பத்து நாளு முந்தி ஒரு கல்யாணத்துல அய்யரு மந்தரம் சொல்றாரு, டூமும் சொல்லுது. யாரு சொல்றதுக்குத் தாலி கட்டறதுன்னு மாப்ளைக்குத் தெரீல. மூணு தடவ கைய நீட்டி நீட்டி எடுத்துட்டான். ஒரு 'ஏ' கிரேடு போட்டுக் குடுங்க."

எனக்கு அதிகாரமில்லை என்று சொல்வதற்குள் தாரணி உள்ளே இருந்து வந்தாள். "டூமுக்குள்ள சாக்குத் துணிய மடிப்பு மடிப்பாத் தொங்க விடுங்க மாமா. சத்தம் அதுலயே அமுங்கீரும்."

"சாக்கா? ரெண்டு வருசம் ஆளு வெச்சுத் தாமரப்பூவு பண்ணீருக்கறேன், அதுல சாக்குத் தொங்கவிட்டு அரிசி மண்டியாட்ட ஆக்கறதா?" கோபித்துக்கொண்டு காபி குடிக்காமல் போனார்.

அவள் சொன்னது சரியாகத்தான் இருக்கும் என்று தோன்றியது. அந்த எண்ணத்தை உடனே வகைப்படுத்தி, 'இதர' என்ற தலைப்பில் போட்டேன்.

ஜூன் 19, புதன்

துணிந்துவிட்டேன். ஒன்றரைப் பக்கத்தில் உண்மையை எழுதி அலுவலர் எட்வின் சார் மேஜையில் வைத்தேன். நாகர்கோவில்காரர், நல்ல மனிதர், ஓய்வுபெற எட்டு மாதம் இருக்கிறது. படித்தார். கண்ணாடியைக் கழற்றினார். மறுபடி போட்டுக்கொண்டு பின்பக்கம் ஏதாவது எழுதியிருக்கிறதா என்று திருப்பிப் பார்த்தார்.

"என்னம்மா ருக்குமணி, இப்பிடி ஒரு காரியத்த எழுத்துல கொண்டாந்து வச்சா நான் என்ன செய்யதுக்கு?"

"நடவடிக்கை எடுங்க சார்."

"எடுத்தா ஒங்களோட நிக்குமா? மிச்ச மாவட்டத்துல உள்ளவன் எல்லாம் ஒவ்வொரு ஆளையா எங்கயிருந்து புடிச்சான்னு கேப்பாவ. நானூத்திப் பன்னெண்டு பேருக்குப் பதில் சொல்லணும். எனக்கு எட்டு மாசந்தான் கெடக்கு, பாத்துக்கிடுங்க." என் கடிதத்தை மடித்து, தேதி முத்திரை குத்தி, மூலையில் எண் போட்டு, அலமாரியில் ஒரு கோப்பில் செருகினார். கோப்பின் தலைப்பு: 'வாழ்த்துகள் மற்றும் பாராட்டுகள்'.

கோவிந்தராசு சார் எடுக்கவில்லை.

ஜூன் 20, வியாழன்

பட்டியல் போய்விட்டது. ஒரு பெயர், அதற்குக் கீழே 'மற்ற அறுவரும் முகவரி மாறியுள்ளனர்' என்று எட்வின் சார் சொல்லச் சொல்ல எழுதினேன். அந்த ஒரு பெயரைக் கையால் மறைத்துக்கொண்டு தாளில் சுருக்கொப்பம் வைத்தேன்.

ஜூன் 24, திங்கள்

தபால்காரர் தேர்வு அனுமதிச் சீட்டைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தார். போட்டோவோடு. மாவட்டத்தில் எத்தனை தாரணி இருந்தாலும் மூக்கில் அம்மை வடுவோடு, என் நீல வாயில் சேலையைக் கட்டிக்கொண்டு போட்டோ எடுத்தவள் ஒருத்திதான். ஜூன் 29, காலை பத்து முதல் மாலை ஐந்து வரை, இரண்டு தாள். நடுவில் வெளியே போக அனுமதி இல்லை. மையம்: பொன்னாத்தாள் மகால்.

வங்கியில் சேர வேண்டிய கடைசி நாளும் அதே நாள். நாலு மணிக்கு ஷட்டர்.

சீட்டை அரிசி டப்பாவுக்குள் ஒளித்தேன். பிறகு நானே எடுத்து அரிசி தட்டி மேஜையில் வைத்தேன். சோறு குழைந்துவிட்டது. யாரும் குறை சொல்லவில்லை, அதுவே பயமாக இருந்தது.

ஜூன் 26, புதன்

சாயங்காலம் தாரணி மொட்டை மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள். போய் நின்றேன்.

"கண்ணு, அந்த அறுபத்துநாலாம் பக்கம் பொய்."

"தெரியும்மா."

"பொய்னா, அம்மா சும்மா எழுதுனது. அப்படி ஒரு வேலையே கெடயாது."

"தெரியும்னு சொல்றனல்ல. நான் அங்கதான் இருந்தேன். நீ என்ன போடறதுன்னு பேனாவக் கடிச்சுட்டு இருந்தே. எனக்குச் சலிப்பா இருந்துச்சு, மேஜைக்கடியில 'ஊ'ன்னு கத்துனேன். மேஜை திருப்பிக் கத்துச்சு. நீ சிரிச்சே. அப்பறம்தான் எழுத ஆரம்பிச்சே." ஒரு சட்டையை உதறி மடித்தாள். "ஆபீசுல நீ சிரிச்சு நான் பாத்தது அந்த ஒரு தடவதான்."

எனக்கு அந்த 'ஊ' ஞாபகமே இல்லை. பதினோரு வருஷமாக எல்லாம் என் கற்பனை என்று உள்ளுக்குள் கொஞ்சம் கர்வமாகக்கூட இருந்தேன்.

"அப்பறம் எதுக்குடி எழுதறே? வேலை போயிருமே!"

"ஏழு பேரக் கேட்டாங்க. ஒருத்தருமே இல்லீன்னா உன்னையப் புடிப்பாங்க. நான் ஒருத்தி பாஸ் பண்ணிப் போய் உக்காந்துட்டா, பக்கம் நெசமாயிருமல்ல? பேங்க்குக்கு அடுத்த வருசமும் பரிச்ச வெப்பாங்க. உனக்கு இன்னும் எட்டு வருசம் சர்வீசு இருக்குது."

"ஏழு பேர்னு உனக்கு யாரு சொன்னாங்க?"

அவள் முதல்முறையாகச் சங்கடப்பட்டாள். "டைரிய பிரிட்ஜு மேல வெச்சுட்டுப் போறியே. எல்லாருந்தான் படிக்கறோம். அப்பாவுக்கு நாலாந்தேதியே தெரியும். கேஸ் நம்பரு கதை, நீயாச் சொல்லட்டும்னு அவரு போட்ட நாடகம்."

கீழே பட்டறையில் ஏதோ மோட்டாரை ஓட்டிப் பார்க்கும் சத்தம் கேட்டது. தேவையில்லாமல் ரொம்ப நேரம் ஓடியது.

நான் சொன்னேன்: "நீ பேங்க்குல சேரறே. எனக்கு வர்றது வரட்டும்."

"நீ சஸ்பெண்டு ஆயி வீட்ல இருந்தா நாங்க எங்க போறது?" என்று சொல்லிவிட்டுத் துணியோடு இறங்கிவிட்டாள். இது பாசமா, புகாரா? வகைப்பாட்டுப் புத்தகத்தில் இல்லை.

ஜூன் 27, வியாழன்

இதைப் படிக்கும் இருவருக்கும்: உருளைக்கிழங்கு தீர்ந்துவிட்டது. அரைக்கிலோ வாங்கி வைக்கவும்.

ஜூன் 28, வெள்ளி

உருளைக்கிழங்கு வந்துவிட்டது. தாரணி வங்கிக்குப் போகச் சம்மதிக்கவில்லை. இவள் பிடிவாதம் சென்னியப்பன் வழி. (இதையும் படிப்பார்.)

தேர்வுப் பணிக்கு எங்கள் அலுவலகத்தையே போட்டிருக்கிறார்கள். உறவினர் யாரும் எழுதவில்லை என்ற உறுதிமொழிப் படிவத்தில் நான் உண்மையை எழுதினேன்: என் மகள் எழுதுகிறாள். எட்வின் சார் நெற்றியைத் தேய்த்தார். "இருக்கதே நாலு ஆளு. நீங்க வினாத்தாளத் தொடாதீங்க. மைக்குல விதிமுறைய மட்டும் வாசிங்க, போதும்."

ஜூன் 29, சனி

உள்ளதை உள்ளபடி எழுதுகிறேன்.

நானூறு பேர், தேர்வு எழுதப் பதிவு வேண்டியதில்லையாம். மேஜை நாற்காலி வரிசையாக, மேலே தலைகீழ்த் தாமரை. தாரணி நாலாவது வரிசை. கையில் பிரிக்காத ஒரு கவர். அதற்குள் வங்கி ஆணை இருந்தது என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் காலையில் நான்தான் அவள் பைக்குள் திணித்தேன்.

ஒன்பதே முக்காலுக்கு மைக்கைப் பிடித்தேன். "தேர்வர்கள் கவனத்திற்கு" என்றேன். டூம் அதை வாங்கி, சற்று யோசித்து, "கவனத்திற்கு... திற்கு... கு" என்றது. அடுத்த வாக்கியத்தை ஆரம்பித்தபோது முதல் வாக்கியம் இன்னும் மேலே சுற்றிக்கொண்டிருந்தது. செல்போன் கூடாது என்றேன். பின் வரிசையில் இரண்டு பேர் செல்போனை எடுத்து மேஜையில் வைத்தார்கள். விடைத்தாளில் பெயர் எழுதாதீர்கள் என்றேன்; முன் வரிசை எழுத ஆரம்பித்தது. "கேக்குதுங்களா?" என்று கேட்டேன். டூம் மூன்று தடவை என்னையே கேட்டது.

எட்வின் சார் மேடையில் காதைப் பொத்திக்கொண்டார். நாச்சிமுத்து வாசலில் நின்று பெருமையாக அண்ணாந்து பார்த்தார்.

அப்போது நாலாவது வரிசையில் தாரணி எழுந்தாள். நிதானமாக, ஒவ்வொரு வார்த்தையும் திரும்பி வந்து அடங்கும்வரை காத்திருந்து, கிணற்றில் பழகிய குரலில் கேட்டாள்:

"மேடம். இந்த அரங்கத்துக்கு. எதிரொலிச் சான்று. இருக்குதுங்களா?"

இருபத்திரண்டு வருஷத்தில் அவள் என்னை மேடம் என்று கூப்பிட்டது இதுதான் முதல்.

நானூறு முகமும் என் பக்கம் திரும்பின. அத்தனை பேருக்கும் அறுபத்துநாலாம் பக்கம் மனப்பாடம். கோச்சிங் சென்டரில் வேறு பாடமே இல்லையாம். கடைசி வரியை எங்கிருந்தோ ஒருவர் முணுமுணுத்தார், பக்கத்தில் இருந்தவர் சேர்ந்துகொண்டார், டூம் அதையும் வாங்கிக்கொண்டது. சான்று பெறாத அரங்கில் தேர்வு, திருமணம் முதலிய நிகழ்ச்சி எதையும் நடத்தலாகாது. பக்கம் நிறைவதற்காக நான் எழுதிய இரண்டு வரி, தாமரையின் இதழ் இதழாகச் சுற்றி என் தலையில் இறங்கியது. நான் எழுதியது என்றே தோன்றவில்லை. யாரோ அந்நியர் சொல்வது போல இருந்தது.

மைக்கில் சொன்னேன்: "இல்லீங்க."

இந்த விஷயத்தில் பதினோரு வருஷமாக நான் 'இல்லை' என்று எழுதியதே கிடையாது. டூம் அதை நான்கு தடவை உறுதி செய்தது.

பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. தேர்வர்கள் எழுத்து மூலம் ஆட்சேபம் கொடுத்தார்கள். எட்வின் சார் கையேட்டை வரவழைத்துப் படித்தார், தலைமையகத்துக்கு போன் போட்டார், ஒருமணி நேரம் அங்கேயும் யாரோ கையேட்டைத் தேடிப் படித்தார்கள். பதினொன்றரைக்குத் தேர்வு ஒத்திவைக்கப்பட்டது. நாச்சிமுத்து, "சாக்கே தொங்க விட்ருக்கலாமாட்ட இருக்குது" என்று டூமைப் பார்த்துச் சொன்னார். டூம் ஆமாம் என்பதுபோல் ஏதோ சொன்னது.

வாசலில் என் வீட்டுக்காரர் மொபெட்டில் உட்கார்ந்திருந்தார். சும்மா இந்தப் பக்கம் வந்தாராம், இரண்டு மணி நேரமாக.

"வேணும்னுதான் கேட்டியா?" என்று தாரணியைக் கேட்டேன்.

"இல்லம்மா. நெசமாலுமே ஒண்ணும் கேக்கல. எதிரொலி தெரிஞ்சவங்களத் தேடறவங்க இந்த மண்டபத்தப் புடிக்கறாங்கன்னா, இவங்ககிட்ட யாரு வேல பாக்கறது?"

பன்னிரண்டு பத்துக்கு அவள் வங்கிக்குள் போனாள். என்னை உள்ளே வரவிடவில்லை. வெளியே கரும்புச்சாறு குடித்தபடி கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். மேனேஜர் ஏதோ கேட்டார். அவள் கூரையை அண்ணாந்து பார்த்துவிட்டுப் பதில் சொன்னாள். கையெழுத்துப் போட்டாள். 'பிற்பகல், பணியில் சேர்ந்தார்.'

ஜூலை 3, புதன்

தலைமையகச் சுற்றறிக்கை. இனி எதிரொலிச் சான்று பெற்ற அரங்கில் மட்டுமே தேர்வு நடத்த வேண்டும். சான்று கொடுக்க எதிரொலி மதிப்பீட்டாளர் வேண்டும். அவரை நியமிக்கத் தேர்வு நடத்த வேண்டும். ஆகவே, மறு உத்தரவு வரும்வரை பணியிடங்கள் நிறுத்தி வைக்கப்படுகின்றன. பெயர்ப் பட்டியல்கள் மீது மேல்நடவடிக்கை தேவையில்லை.

எட்வின் சார் சுற்றறிக்கையை இரண்டு தடவை படித்துவிட்டு எனக்கு ஒரு மசால் வடை வாங்கிக் கொடுத்தார். பஸ் ஸ்டாண்டு பிளெக்ஸை யாரோ கழற்றி ஆட்டுக்கொட்டாய்க்குக் கூரை போட்டுவிட்டார்களாம். எங்கள் கேஸ் எண்ணுக்குக் கீழே ஆடுகள் நிற்பதாகப் பாப்பாத்தி அக்கா சொன்னார்.

நேற்று காலாண்டு அறிக்கை அனுப்பினேன். 8853: இல்லை. (இருந்த ஒரே பெயரும் வங்கி வேலையில் சேர்ந்ததால் பதிவிலிருந்து நீங்கிவிட்டது.) விளக்கம் மூன்று நகலில் இணைக்கப்பட்டுள்ளது. மூன்றையும் கையாலேயே எழுதினேன். தொழில் வகைப்பாட்டு உதவியாளர் என்று கீழே கையெழுத்துப் போட்டபோது, இருபத்தொன்பது வருஷத்தில் முதல்முறையாகப் பதவிக்கு ஏற்ற வேலை செய்ததுபோல நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஜூலை 5, வெள்ளி

கோவிந்தராசு சார் கடைசியில் போனை எடுத்தார். காது மெஷினைப் பேரன் தண்ணீரில் போட்டுவிட்டானாம், புதுசு வாங்க ஒரு மாதம் ஆகிவிட்டதாம். எல்லாவற்றையும் சொன்னேன். பாரத்துக்குப் பக்கம் குறைந்ததைச் சொன்னதும் அந்தப் பக்கம் சிரிப்பு.

"இதுக்கா இத்தன மனசு ஒடஞ்சீங்க? நானே மொதப் பதிப்புல பக்கம் பத்தாம ஒண்ணு அடிச்சு உட்ருக்கறேன். இல்லாத உத்தியோகம். எதிர்காலம் பிரகாசம்னெல்லாம் போட்டு. இன்ன வரைக்கும் ஒருத்தரும் கேக்கலீங்."

"எந்தப் பக்கம் சார்?"

"நாப்பத்தொண்ணு."

நாற்பத்தொன்று என் பதவியின் பக்கம். முதல் பதிப்பு அச்சானது 1994 மார்ச்சில். என் பணியிடத்தை உருவாக்கிய அரசாணையின் தேதி 1995 ஜூன் 12.